தித்தன் சுமந்து வந்த கதவு

“அழிக்கவா, வேண்டாமா? ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்க தாயே. சொன்னா இறங்கிப் போயிடறேன்.”

மொட்டைக்குன்றின் உச்சியில் நின்று தித்தன் இப்படிக் கேட்டபோது சாயங்காலம் ஆகியிருந்தது. அவன் முதுகில் ஒரு கதவு இருந்தது.

கதவு மட்டும் இல்லை. நிலையோடு பெயர்த்தெடுத்த கதவு. நாணற்குடிக்காரர்களுக்கு மரம் ஏது? நாணலைப் பின்னி, மேலே களிமண் பூசி, காயவைத்து மாட்டிக்கொள்வார்கள். பெரிய கனம் இல்லை. ஆனாலும் ஐம்பத்தைந்து வயசு முதுகு எத்தனை தூரம்தான் தாங்கும்?

வழியெல்லாம் ஆட்கள் சிரித்தார்கள். “என்ன தித்தா, நீ வீட்டைக் காலி பண்ணிட்டியா, வீடு உன்னைக் காலி பண்ணிடுச்சா?” என்றான் ஒருவன். தித்தன் பதில் பேசவில்லை. மூச்சு வாங்கிக்கொண்டிருந்தவன் எங்கே பேசுவது.

எயினி பாறை மேல் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அவள்தான் குரு. பார்த்தால் இருபது வயசுப் பெண் மாதிரி இருப்பாள். தவம் செய்து உடம்பை அப்படி நிறுத்தி வைத்திருக்கிறாள் என்று சுற்றுப்பட்டு ஊர்களில் பேச்சு. கிழவர்கள்கூட அவளைத் தாயே என்றுதான் கூப்பிடுவார்கள்.

“இறக்கி வைப்பா.”

“முதல்ல பதில்.”

“முதுகுல கதவை வெச்சுக்கிட்டு நிக்கறவனுக்கு என்ன பதில் சொல்றது? இறக்கி வை. இடுப்பு போயிடும்.”

இறக்கி வைத்தான். பாறையில் சாய்த்து, பூசின களிமண் பெயர்ந்திருக்கிறதா என்று தடவித் தடவிப் பார்த்தான். பெயரவில்லை. கதவின் நடுவில் கரியால் வரைந்த குறி பாதி மங்கிக் கிடந்தது.

அந்தக் குறியைப் பற்றிச் சொல்லிவிடலாம். அது தெரியாமல் இந்த மனுஷனுடைய பாடு புரியாது.

நாணற்குடிக்கு அப்பால் இருப்பது வெளுப்பு. கீழே உப்புத் தரை, மேலே பனி. எங்கே தரை முடிகிறது, எங்கே பனி தொடங்குகிறது என்று பார்த்துச் சொன்னவர் யாரும் இல்லை. நாணல் அதன் ஓரத்தில்தான் வளரும். அறுக்கப் போகிறவர்களில் வருஷத்துக்கு ஒருவரையாவது வெளுப்பு வாங்கிக்கொள்ளும்.

அப்படிப் போனவர் சாகாமல் இருக்க ஊரில் ஒரு வழி உண்டு. வாசற்கதவில் தாழ்க்குறி வரைவது.

ஒரு வட்டம். முழுசாக மூடாத வட்டம். ஒரு விரல் அளவு இடைவெளி விட வேண்டும். அந்த இடைவெளிக்குக் குறுக்கே ஒரு கோடு. வட்டம் திறந்தும் இருக்கும், அடைத்தும் இருக்கும்.

குறி இருக்கும்வரை, போனவருக்குச் சாவு கிடையாது. பசி கொல்லாது, பனி கொல்லாது. ஆனால் அதே குறி இருக்கும்வரை, போனவர் எந்த வாசலையும் தாண்டி உள்ளே வர முடியாது. சொந்த வீடு மட்டும் இல்லை, எந்த வீடும்.

அழித்தால் வரலாம். அழித்த நொடியே சாகவும் செய்யலாம், வெளுப்பின் நடுவில் எங்கேயாவது விழுந்து கிடந்தால். காப்பாற்றுவதும் அதுதான், துரத்துவதும் அதுதான். இப்படி ஒன்றைக் கண்டுபிடித்த மகராசன் யாரோ, நல்லா இருக்கட்டும்.

இதில் இன்னொரு தொல்லை. விளக்குக் கரியால் வரைவது ஒரு நாள்தான் தாங்கும். தினமும் புதுசாக வரைய வேண்டும். வரைந்த கையேதான் வரைய வேண்டும். கை தளர்ந்தால் வீட்டில் இன்னொருவரிடம் தூரிகையைக் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடலாம்.

வரைவதற்கு நேரமும் உண்டு. அந்த நாட்டில் சூரியன் இரண்டு. சின்னது முன்னால் எழும். அதில் வெளிச்சம் உண்டு, சூடு கிடையாது. பெரியது எழக் கொஞ்ச நேரம் ஆகும். இரண்டுக்கும் நடுவில் உள்ள நேரத்துக்கு வெறும்பொழுது என்று பேர். வெறும்பொழுதில் ஊரில் ஒருத்தரும் வெளியே தலைகாட்ட மாட்டார்கள். குறி வரைகிறவர் மட்டும் வாசலில் நிற்பார்.

தித்தன் ஒன்பது வருஷமாக நிற்கிறான். மகள் தும்பைக்காக.

தாய் இல்லாத பிள்ளை. பதினாறு வயசு, எல்லாவற்றிலும் அவசரம். ஒரு நாள் ஈர நாணலை அறுத்துக்கொண்டு வந்துவிட்டாள். “இதை வெச்சு என்ன பண்ண, உன் தலையில பின்னவா? போ, போய் வேற அறுத்துட்டு வா” என்று தித்தன் கத்தினான்.

போனாள். வரவில்லை.

மறுநாள் வெறும்பொழுதில் வரையத் தொடங்கினான். ஒன்பது வருஷத்தில் ஒரு நாள்கூட விட்டதில்லை. காய்ச்சலில் தவழ்ந்து வந்து வரைந்திருக்கிறான். பக்கத்து ஊரில் தங்கை இறந்தபோது போகவில்லை. போனால் விடிவதற்குள் திரும்ப முடியாது.

ஆறு வருஷம் போனபின்தான் அவனுக்கு அந்தக் கேள்வி வந்தது. இது அவளைக் காப்பாற்றுகிறதா, வெளியே நிறுத்தி வைத்திருக்கிறதா? கேள்வி வந்த அன்றே தூக்கம் போய்விட்டது. எயினியைத் தேடி வந்து காலில் விழுந்தான். அதற்கப்புறம் ஏழு நாளைக்கு ஒரு தரம் குன்றேறி வருவான். விறகு ஒடித்துப் போடுவான், ஊற்றிலிருந்து தண்ணீர் கொண்டு வருவான், கேள்வியைக் கேட்பான், இருட்டுவதற்குள் இறங்கிவிடுவான்.

எயினி வாயால் பதில் சொன்னதே இல்லை.

ஒரு தரம் ஒரு கூழாங்கல்லை மடியில் வைத்துக்கொண்டு, “இது சூடா, குளிரா? தொடாம சொல்லு” என்றாள்.

“தொடாம எப்படித் தாயே சொல்றது?”

“ம்,” என்றாள். அவ்வளவுதான். கல்லைத் தூக்கி எறிந்துவிட்டாள்.

இன்னொரு தரம் அவன் வந்ததும் முதுகைக் காட்டி உட்கார்ந்தவள் திரும்பவே இல்லை. “தாயே, தாயே” என்று மதியம் முழுக்கக் கூப்பிட்டான். தொண்டை வற்றிப்போயிற்று. குரு பொறுமையைச் சொல்லித் தருகிறார் என்று நினைத்துக்கொண்டு இறங்கிப் போனான். என்ன சொல்ல.

இன்றைக்கு அவன் திரும்பிப் போவதாக இல்லை. பதில் கிடைக்கும்வரை இங்கேயே இருப்பது, கதவு கையில் இருந்தால் இங்கேயே வரைந்துகொள்ளலாம் என்று முடிவு கட்டித்தான் நிலையைப் பெயர்த்துக்கொண்டு வந்திருந்தான். கீழே அவன் வீடு திறந்து கிடந்தது. அதில் எடுத்துப் போக ஒன்றும் இல்லை.

தூறல் விழுந்தது.

குன்றின் மேல் ஒரு குடிசை இருந்தது. பக்தர்கள் கட்டிக் கொடுத்தது. எயினி அதில் கால் வைத்ததில்லை. மழையோ வெயிலோ, பாறைதான். முதல் தடவை வந்தபோது தித்தன் அவளை உள்ளே வந்து உட்காரச் சொன்னான். “நான் உள்ள வர முடியாதவப்பா” என்றாள். எப்பேர்ப்பட்ட துறவு என்று அவன் கண்கலங்கி அவள் காலைத் தொட்டுக் கும்பிட்டான்.

இன்றும் அவன் மட்டும் குடிசைக்குள் போய்ப் படுத்தான். கதவை நனையாமல் உள்ளே இழுத்துப் போட்டுக்கொண்டான். எயினி நனைந்தபடி வெளியே உட்கார்ந்திருந்தாள்.

சின்னச் சூரியன் எழுந்தபோது தூறல் நின்றிருந்தது.

தித்தன் கதவை வெளியே கொண்டு வந்து இரண்டு பாறைகளுக்கு இடையில் நிறுத்தினான். நிலைக்கு இருபக்கமும் கல்லை முட்டுக் கொடுத்தான். கதவுக்கு இந்தப் பக்கமும் குன்று, அந்தப் பக்கமும் குன்று. கரிக் கிண்ணத்தில் எண்ணெய் விட்டுக் குழைக்க ஆரம்பித்தான்.

எயினி எழுந்து வந்து கொஞ்சம் தள்ளி நின்றாள்.

“தித்தா, வரையறப்ப என்ன நினைப்ப?”

“என்ன நினைக்கறது? கோடு கோணக் கூடாதுன்னு நினைப்பேன்.”

“மகளை?”

தித்தன் குழைப்பதை நிறுத்தினான். “முன்னெல்லாம் நினைச்சேன். இப்ப கை தானா போகுது.” அவனுக்கே வெட்கமாக இருந்தது. “முன்னெல்லாம் அது சும்மா விடாது தாயே. வெளுப்பு. நினைக்காம இருக்கவே விடாது.”

“எப்படி?”

“குரல்.”

“என்ன குரல்?”

தித்தன் நிமிர்ந்து உட்கார்ந்தான். அவன் வாழ்க்கையில் பெருமைப்பட இருந்தது இந்த ஒன்றுதான். இதுவரை யாரும் கேட்டதும் இல்லை.

“எங்க ஊர்ல ஒரு கட்டு உண்டு தாயே. குறி வரையறப்ப கதவைப் பார்த்துத்தான் நிக்கணும். திரும்பிப் பார்க்கக் கூடாது. யார் கூப்பிட்டாலும் சரி. திரும்பின நொடி குறி செத்துடும். வெளுப்பு இருக்கே, அது போனவங்க குரல்லயே பேசும், திரும்ப வைக்கறதுக்கு. எங்கப்பா காலத்துல ரெண்டு பேர் திரும்பித் தொலைச்சாங்க.”

“உன்னையும் கூப்பிட்டுச்சா?”

“கூப்பிட்டுச்சாவா! ரெண்டு வருஷம். ஒரு நாள் விடாம. நாலு அடி பின்னால நின்னுக்கிட்டு. அச்சு அசல் எம் மக குரல். ‘அப்பா’ங்கும். ‘அப்பா, ஈர நாணல் இல்லப்பா, காஞ்சதாக் கொண்டாந்திருக்கேன், பாருங்கப்பா’ங்கும். அந்தச் சண்டைகூட அதுக்குத் தெரிஞ்சிருக்கு பாருங்க, எப்பேர்ப்பட்ட கள்ளம்!”

எயினி பார்வையை வெளுப்பின் பக்கம் திருப்பினாள்.

“அழும். கெஞ்சும். குளிருதுப்பாங்கும். உதட்டைக் கடிச்சுக்கிட்டு வரைவேன், ரத்தம் வந்துடும். ஆனா ஒரு நாள், ஒரே ஒரு நாள் திரும்பினதில்ல. எம் மகளுக்காகத் திரும்பல.”

“அப்புறம்?”

“தோத்துப்போச்சு. ஒரு நாள், ‘ஒரு தடவை மட்டும் திரும்புங்கப்பா’ன்னுச்சு. நான் கோட்டை இழுத்து முடிச்சேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. அப்புறம் ‘சரிப்பா’ன்னுச்சு. அதோட சரி. ஏழு வருஷமா சத்தம் இல்ல. என்கிட்ட அதோட பருப்பு வேகல.”

அவன் சிரித்தான். எயினி முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

“கதவைத் திற,” என்றாள்.

“எதுக்குத் தாயே?”

“திற.”

திறந்தான். நாணல் கதவு கிறீச்சிட்டுக்கொண்டு அந்தப் பக்கம் போய் நின்றது. வெறும் நிலை. அதற்கு அப்பால் நனைந்த பாறையும் நாலு கள்ளிச் செடியும் தெரிந்தன.

எயினி நிலையைப் பார்த்து நடந்தாள்.

மூன்று அடி இருக்கும்போது அவள் கால் நின்றது. தித்தன் அவள் யோசிக்கிறாள் என்று நினைத்தான். அவள் யோசிக்கவில்லை. நடந்துகொண்டுதான் இருந்தாள். கால் முன்னால் போகவில்லை. உடம்பை முன்னே சாய்த்துத் தள்ளினாள். எதிரே சுவர் ஒன்று இருப்பது போல உள்ளங்கைகள் காற்றில் தட்டையாக நின்றன. பாதம் பாறையில் வழுக்கி வழுக்கித் தேய்ந்தது. குதிகாலில் தோல் உரிந்து ரத்தம் தெரிந்தது.

“தாயே! போதும் தாயே!”

எயினி நின்றாள். மூச்சிரைத்தது. அப்படியே தரையில் உட்கார்ந்தாள்.

“எனக்குப் பத்தொன்பது வயசு அப்ப,” என்றாள். “நாணல் அறுக்கத்தான் போனேன். கால் முறிஞ்சு விழுந்தேன். எங்கப்பா மறுநாளே குறி வரைஞ்சாரு. வரையலைன்னா அன்னைக்கே செத்திருப்பேன். அதைச் சொல்லிடணும் உனக்கு.”

தித்தன் அவள் காலைப் பார்த்தான்.

“கால் கூடிச்சு. எழுந்து நடந்து வீட்டைக் கண்டுபிடிச்சேன். குறி மங்கின நேரம் மட்டும்தான் கிட்ட வர முடியும். வெறும்பொழுதுல. வாசலுக்கு மூணு அடி, அதுக்கு மேல கால் வராது. கோடு காஞ்சதும் பிடிச்சு வெளுப்புக்குள்ள தள்ளிடும். மறுநாள் மறுபடி நடந்து வருவேன்.”

“உங்கப்பா...”

“கதவைப் பார்த்து நிப்பாரு.”

“நீங்க கூப்பிடலையா?”

“நாப்பது வருஷம் கூப்பிட்டேன்.”

தித்தன் கையிலிருந்த தூரிகையிலிருந்து கரி சொட்டியது. அவன் வேட்டியில் சொட்டியது. அவன் கவனிக்கவில்லை.

“ஒரு நாள் வாசல்ல வேற ஆள் நின்னு வரைஞ்சான். என் தம்பி. அப்பா போயிட்டாருன்னு அப்படித்தான் தெரிஞ்சுது. தம்பிக்கு அப்புறம் அவன் மக. அவளுக்கு அப்புறம் அவ மருமக. போகப் போக என் பேரே தெரியாத கை வரைய ஆரம்பிச்சுது. அதனால தள்ளற பலம் கொறைஞ்சுபோச்சு. இந்தக் குன்று வரைக்கும் ஏறி வர முடிஞ்சுது. ஆனா சாக விடல, வயசாகவும் விடல. உள்ள விடவும் இல்ல.”

“எந்த வீடு தாயே?”

“உங்க ஊர்தான். கிழக்குக் கோடி, பச்சைப் பானை வெச்ச வீடு.”

“அய்யோ!” தித்தன் தலையில் கை வைத்துக்கொண்டான். “அவங்க அழகுக்கு வரையறாங்க தாயே! லட்சணம்னு வரையறாங்க! பொண்ணு பார்க்க வந்தவங்க அந்தக் குறியைப் பார்த்துத்தான் சம்மதமே சொன்னாங்க!”

“தெரியும். அந்தப் பொண்ணுக்குக் கை நல்லா ஓடும்.”

“நான் போய்ச் சொல்றேன். இப்பவே போய்...”

“நான் சொல்லியிருக்கேன். வருஷா வருஷம் படையலோட வராங்க. சொல்லுவேன். சாமி சோதிக்குதுன்னு விழுந்து கும்பிட்டுட்டுப் போவாங்க.”

“என்கிட்ட ஏன் சொல்லல? மூணு வருஷமா நாயா ஏறி இறங்கறேனே, ஏன் சொல்லல?”

அவன் குரல் உடைந்தது. குருவிடம் இப்படிக் கத்தியதில்லை.

“முதல் நாளே சொன்னேன். நான் உள்ள வர முடியாதவன்னு. நீ என் காலைத் தொட்டுக் கும்பிட்ட.”

குன்றின் மேல் காற்று இல்லை. சின்னச் சூரியன் ஒரு சாண் ஏறியிருந்தது. கீழே நாணற்குடியும், அதற்கு அப்பால் வெளுப்பும் ஒரே நிறத்தில் கிடந்தன.

தித்தன் தூரிகையைக் கிண்ணத்தில் வைத்தான். பேசியபோது குழந்தை கேட்பது போல இருந்தது.

“அப்ப அந்தக் குரல்?”

எயினி பதில் சொல்லவில்லை.

“காஞ்ச நாணல் கொண்டாந்திருக்கேன்னு சொன்னது?”

எயினி பதில் சொல்லவில்லை.

“வெளுப்புதான் தாயே அது. எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க. எங்கப்பா சொன்னாரு, அவங்கப்பா சொன்னாரு. வெளுப்புதான். சொல்லுங்க தாயே, வெளுப்புதான்னு சொல்லுங்க.”

எயினி அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

தித்தன் நெஞ்சில் குத்திக்கொண்டான். ஒரு தரம், இரண்டு தரம். மூன்றாம் தரம் கை எழவில்லை. பாறையில் சரிந்து, முகத்தைப் பொத்திக்கொண்டு ஊளையிட்டான். மனுஷ அழுகை மாதிரியே இல்லை. ரெண்டு வருஷம். ஒரு நாள் விடாமல் நடந்து வந்திருக்கிறாள். எவ்வளவு தூரமோ, காலில் செருப்பு இருந்ததோ இல்லையோ. முதுகை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பியிருக்கிறாள், எழுநூறு நாள். பெற்றவன் இந்த முதுகைப் பெரிய வீரம் என்று இத்தனை நாள் தடவிக்கொண்டிருந்திருக்கிறான்.

எயினி அவனைத் தேற்றவில்லை. தேற்றுகிற விஷயமா இது?

கிழக்கில் வானம் வெளுத்தது. பெரிய சூரியன் வரப்போகிறது. வரைய இன்னும் கொஞ்ச நேரம்தான் இருக்கிறது.

பழகின உடம்பு. அழுதுகொண்டே எழுந்தான். கதவை மூடினான். தூரிகையைக் கரியில் தோய்த்தான். கதவைப் பார்த்து நின்றான். கை தானாக வட்டம் போட்டது. இடைவெளி விட்டது. குறுக்குக் கோட்டுக்குப் போய், நின்றது.

எயினி கதவுக்குப் பக்கவாட்டில், தள்ளி, அவன் முகம் தெரிகிற மாதிரி வந்து நின்றாள்.

“தாயே.”

“ம்.”

“கோடு போட்டா சாக மாட்டா.”

“மாட்டா.”

“திரும்பினா?”

“குறி செத்துடும்.”

“அவ வெளுப்புக்குள்ள எங்கயாவது விழுந்து கிடந்தா?”

“செத்துடுவா.”

“கிட்ட இருந்தா?”

“வருவா.”

தூரிகை கதவைத் தொட்டது. கோடு போட வேண்டிய இடத்தில் கரி ஒரு பொட்டாகத் தங்கியது.

“ஏழு வருஷமா சத்தம் இல்லையே தாயே. சரிப்பான்னு சொல்லிட்டுப் போனவ. எங்க போயிருப்பா?”

“தெரியாது.”

“நீங்க எங்க போனீங்க, கூப்பிடறதை நிறுத்தினப்புறம்?”

“கால் போன பக்கம். ரொம்ப தூரம். திரும்பி வர மனசு இல்ல.”

“கடைசியா வந்தீங்களே. இந்தக் குன்றுக்கு.”

“யாராவது திரும்பிப் பார்ப்பாங்களான்னு வந்தேன்.”

தித்தன் மூச்சை இழுத்துப் பிடித்தான். ஏதோ சட்டென்று உறைத்தது அவனுக்கு. எயினி நிற்கிற இடத்திலிருந்து அவன் முதுகுக்குப் பின்னால் இருப்பது எல்லாம் தெரியும்.

“தாயே! உங்களுக்குத் தெரியுமே! எனக்குப் பின்னால பாருங்க. யாராவது நிக்கறாங்களா? அவ நிக்கறாளா?”

எயினி பார்க்கவில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

“சொல்லுங்க! உங்க காலுல விழறேன், இருக்கா இல்லையான்னு மட்டும் சொல்லுங்க. இருந்தாத் திரும்பறேன். இல்லைன்னாக் கோடு போட்டுடறேன். அவளாவது உயிரோட இருக்கட்டும்!”

“கண்ணு உனக்கும் இருக்கு தித்தா.”

“பாவி! நீங்க குருவா? ஒரு வார்த்தை! ஒரே ஒரு வார்த்தைதானே கேட்டேன்!”

எயினியின் மூடிய கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. அவள் அழுது தித்தன் பார்த்ததில்லை.

கதவில் பாதிக் குறி ஈரமாக மின்னியது. கிழக்கு விளிம்பில் பெரிய சூரியனின் நெற்றி தெரிந்தது.

தித்தன் திரும்பினான்.

பின்னால் களிமண் தண்ணீரை உறிஞ்சுவது போல ஒரு சத்தம் கேட்டது. கதவிலிருந்த கரி பொலபொலவென்று உதிர்ந்தது. ஒன்பது வருஷம் வரைந்த குறி ஒரு நொடியில் இல்லை.

எதிரே யாரும் இல்லை.

நனைந்த பாறை. சரிவு. அவன் ஏறி வந்த ஒற்றையடிப் பாதை. அதற்குக் கீழே கண்ணுக்கு எட்டும்வரை வெளுப்பு. ஒரு தலை இல்லை, ஒரு நிழல் இல்லை. கண்ணைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தான். யாரும் இல்லை.

கொன்றுவிட்டேன் என்று நினைத்தான். கையைப் பார்த்தான். கரியாக இருந்தது.

“தாயே,” என்றான். “யாரும் இல்ல தாயே.”

“கூப்பிடு,” என்றாள் எயினி.

“எங்க இருக்கான்னு தெரியலையே. இருக்காளான்னே தெரியலையே.”

“கூப்பிடு.”

தித்தன் வாயைத் திறந்தான். காற்றுதான் வந்தது. ஒன்பது வருஷத்தில் அந்தப் பேரை வாய்விட்டு ஒரு தரம்கூட அவன் சொன்னதில்லை. மறுபடி திறந்தான்.

“தும்பை,” என்றான்.

பக்கத்தில் நின்ற எயினிக்கே சரியாகக் கேட்கவில்லை.

“இன்னும் சத்தமா,” என்றாள்.